வாசகர் கேள்வி – பதில்: பாரிஸ் மேடையின் பகிடிக்காரி

சென்ற இதழில் நகைச்சுவை நடிப்பைப் பற்றிய பதில் ஒன்றின் நடுவே ஜக்லீன் மையான் என்ற பிரெஞ்சு நடிகையின் பெயரை ஒரே ஒரு வரியில் குறிப்பிட்டிருந்தேன். அந்த வரிக்கு இத்தனை கடிதங்கள் வருமென்று நான் எண்ணவில்லை. முள்ளியவளையிலிருந்தும் கிளிநொச்சியிலிருந்தும் வந்தவை உட்பட ஏறக்குறைய எல்லாமே வன்னிக் கடிதங்கள். எனவே இம்முறை மற்றக் கேள்விகளை ஒதுக்கிவிட்டு, அவரைப் பற்றிய கேள்விகளுக்கு மட்டுமே பதில் எழுதுகிறேன்.

*

கேள்வி: பாரிசிலிருந்து விடுமுறைக்கு வந்த என் தம்பியின் மகள் தன் தொலைபேசியில் பழைய பிரெஞ்சு நாடகம் ஒன்றைக் காட்டினாள். எனக்கு ஒரு சொல்லும் விளங்கவில்லை. ஆனாலும் அதில் வந்த பெண் வாய் திறப்பதற்கு முன்பே எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. நீங்கள் எழுதிய மையான் இவர்தான் என்று மருமகள் சொல்கிறாள். யார் இந்தப் பெண்மணி?
– ஓய்வுபெற்ற குடும்பநல உத்தியோகத்தர், முள்ளியவளை

பதில்: மருமகள் சொன்னது சரிதான் அம்மா. பெயரைப் பிரெஞ்சில் எழுதும்போது நடுவில் இரண்டு லகரங்கள் வரும். வாயால் சொல்லும்போது அவை யகரமாகக் கரைந்துவிடும். பாரிசுக்குப் போன புதிதில் நானும் எழுத்துக் கூட்டி 'மயில்லன்' என்று வாசித்து, உடன் வேலை செய்தவர்களிடம் நன்றாக வாங்கிக் கட்டிக்கொண்டவன்.

அவர் 1923 ஜனவரி 11 ஆம் திகதி பிரான்சின் பர்கண்டிப் பகுதியிலுள்ள பரே-லெ-மொனியால் என்ற சிறிய ஊரில் பிறந்தார். அந்த ஊரின் பெயர் உங்களுக்குப் புதிதாக இருக்கலாம். ஆனால் அந்த ஊரிலிருந்து புறப்பட்ட ஒன்று வன்னியில் நூற்றுக்கணக்கான வீடுகளின் சுவரில் தொங்குகிறது. மடுவுக்கு நடந்தும் வண்டி கட்டியும் போய்வந்த நம் கத்தோலிக்கக் குடும்பங்கள் விளக்கேற்றி வணங்கும் இயேசுவின் திரு இருதயப் படத்தைச் சொல்கிறேன். 17 ஆம் நூற்றாண்டில் அந்த ஊர்க் கன்னியர் மடத்தில் வாழ்ந்த புனித மார்கரீத் மரியாவுக்குக் கிடைத்த காட்சிகளை ஒட்டித்தான் அந்தப் பக்தி உலகெங்கும் பரவியது. யாத்திரிகர் கூட்டமாக வந்து மெழுகுதிரி ஏற்றும் ஊரில் பிறந்த பெண், பாரிசுக்குப் போய் மனிதரைச் சிரிக்க வைப்பதைத் தொழிலாக எடுத்துக்கொண்டார்.

1950களில் அவர் றொபேர் தேரி என்ற நடிகர் நடத்திய பிராங்கினியோல் என்னும் குழுவோடு சேர்ந்து நடித்தார். கோமாளித்தனம், பாட்டு, அபத்தமான துணுக்குக் காட்சிகள் எல்லாம் ஒன்றாகக் கலந்த மேடை அது. பின்னாளில் பெரும்புகழ் பெற்ற லூயி த ஃபூனேயும் அப்போது அதே குழுவின் நிகழ்ச்சியில் நடித்தவர். மையான் மணம் முடித்தது மிஷெல் எமேர் என்ற இசையமைப்பாளரை. எடித் பியாஃப் பாடிப் புகழ்பெற்ற 'அக்கோர்டியன்காரன்' பாடலை எழுதி இசையமைத்தவர் அவர்தான்.

மையானைத் தலைமை நடிகையாக நிலைநிறுத்தியது 1964 இல் மார்செல் மித்துவா எழுதிய 'குரோக்-முசியூ' என்ற நாடகம். பாரிஸ் உணவுச்சாலைகளில் ஹாமும் சீஸும் வைத்து வாட்டித் தரும் பாணுக்கு அந்தப் பெயர்; சொல்லைப் பிரித்துப் பார்த்தால் 'ஐயாவைக் கடிப்பது' என்று பொருள் வரும். கணவன் சொத்தையெல்லாம் தொலைத்துவிட்டு இறந்துபோக, அடுத்த பணக்காரக் கணவனைத் தேடிப் புறப்படும் விதவையின் கதைக்கு இதைவிடப் பொருத்தமான தலைப்பு கிடையாது. நம் மேடையில் விதவை என்றால் வெள்ளைச் சேலை கட்டிக்கொண்டு ஒப்பாரி சொல்ல வேண்டும். மையானின் விதவையோ கணக்குப் பார்க்கிறாள், பொய் சொல்கிறாள், அகப்பட்டுக்கொள்கிறாள், அடுத்த பொய்யை அதைவிடப் பெரிதாகச் சொல்கிறாள். அரங்கிலுள்ளவர்களோ அவள் வெல்ல வேண்டுமென்று ஆசைப்படுகிறார்கள்.

அதன் பிறகு பியேர் பரியே, ஜான்-பியேர் கிரெடி என்ற இரட்டை நாடகாசிரியர்கள் தையற்காரர் அளவெடுத்துத் தைப்பதைப் போல அவருக்கென்றே பாத்திரங்களை எழுதத் தொடங்கினார்கள். 1971 இல் 'பைத்தியக்கார அமாந்தா' வந்தது. அதில் அவர் தன் வாழ்க்கைக் கதையை எழுதி முன்னாள் கணவனான அரசியல்வாதியை நடுங்க வைக்கும் பழைய பாடகி. 1985 இல் வந்த 'லில்லியும் லில்லியும்' நாடகத்தில் ஹொலிவூட் நட்சத்திரமாகவும், நாட்டுப்புறத்திலிருந்து வந்து இறங்கும் அவளது இரட்டைச் சகோதரியாகவும் இரண்டு வேடங்களை ஒரே இரவில் ஏற்றார். ஒரு கதவால் போன பெண் மறு கதவால் வேறொருத்தியாக வர வேண்டும். அப்போது அவருக்கு வயது 62.

இரண்டுக்கும் நடுவே, 1980 இல் வந்தது 'பொத்தீஷ்'. பொத்தீஷ் என்றால் கூடத்தில் அழகுக்கு வைக்கும் பீங்கான் சாடி. பேச்சு வழக்கில், கணவனுக்குப் பக்கத்தில் உடுத்திக்கொண்டு நிற்பதைத் தவிர வேறு வேலை இல்லாத மனைவி. தமிழில் 'கொலுப்பொம்மை' என்றால் அப்படியே பொருந்தும். குடைத் தொழிற்சாலை முதலாளியான கணவன் வேலைநிறுத்தத்தின் நடுவே நோயில் விழ, இந்தக் கொலுப்பொம்மை எழுந்து போய்த் தொழிற்சாலையை நடத்துகிறது, அதுவும் கணவனைவிடத் திறமாக. 2010 இல் பிரான்சுவா ஓசோன் இதைப் படமாக்கியபோது கதரீன் தெனேவ் அந்த வேடத்தை ஏற்றார். படம் நல்ல படம்தான். ஆனால் தெனேவைப் பார்க்கும்போது ஓர் அழகி புத்திசாலியாகவும் இருக்கிறாளே என்று தோன்றும். மையானைப் பார்க்கும்போது, இவ்வளவு காலமும் இந்தப் பெண்ணைப் பொம்மை என்று நினைத்தவன் எத்தகைய குருடனாக இருந்திருப்பான் என்று தோன்றும். எனக்கு இரண்டாவதுதான் பிடித்திருக்கிறது.

*

கேள்வி: இவர் பூல்வார் நாடக நடிகை என்று எழுதியிருந்தீர்கள். பூல்வார் என்றால் வீதி என்று அகராதி சொல்கிறது. அப்படியானால் வன்னியில் நாங்கள் பார்த்த தெருவெளி நாடகத்தைப் போன்றதா?
– வாசகர், ஒட்டுசுட்டான்

பதில்: இல்லை, நேர் எதிரானது. 19 ஆம் நூற்றாண்டுப் பாரிசில் 'பூல்வார் து தாம்ப்ள்' என்ற அகன்ற வீதியில் தனியார் நாடகக் கொட்டகைகள் வரிசையாக இருந்தன. அங்கே கொலையும் களவும் நிறைந்த நாடகங்கள் இரவுதோறும் ஆடப்பட்டதால் சனம் அதைக் 'குற்ற வீதி' என்று பகிடியாக அழைத்தது. 1862 இல் நகரைத் திருத்தியமைத்தபோது அந்தக் கொட்டகைகளில் பெரும்பாலானவை இடிக்கப்பட்டன. வீதி போனாலும் பெயர் மட்டும் ஒட்டிக்கொண்டது. இன்று பூல்வார் நாடகம் என்றால், அரசாங்கத்தின் பணத்தில் தங்காமல் நுழைவுச்சீட்டு விற்ற காசில் நடக்கும் தனியார் அரங்குகளின் நகைச்சுவை நாடகம். கூடம், நாற்காலி, நான்கைந்து கதவுகள், தவறான நேரத்தில் உள்ளே வரும் ஒருவர். நம் தெருவெளி நாடகம் சனம் இருக்கும் இடத்துக்குத் தேடிப் போனது. பூல்வார் நாடகத்துக்குச் சனம்தான் உடுத்திக்கொண்டு காசு கொடுத்து வர வேண்டும்.

*

கேள்வி: இவ்வளவு பெரிய நடிகை என்கிறீர்கள். ஆனால் பிரெஞ்சு நகைச்சுவைப் படம் என்றால் லூயி த ஃபூனேயின் முகம்தான் உலகத்துக்கு நினைவு வருகிறது. மையான் திரையில் ஏன் எழவில்லை? பெண் என்பதாலா?
– ஒளிப்படக் கலைஞர், வவுனியா

பதில்: இந்தக் கேள்விக்கு 'அவருடைய கலை மேடைக்குரியது, கமராவுக்கு அடங்காது' என்று பதில் எழுதத்தான் முதலில் உட்கார்ந்தேன். அதில் உண்மை இருக்கிறது. மேடையில் பகிடி சொல்பவருக்குக் கைவர வேண்டிய முதல் வித்தை காத்திருப்பது. சொல் விழுந்தவுடன் சிரிப்பு எழும். அது உச்சத்துக்கு ஏறிச் சற்றே இறங்கத் தொடங்கும் கணத்தில் அடுத்த சொல்லை விட வேண்டும். உச்சத்தில் விட்டால் சொல் சிரிப்புக்குள் அமிழ்ந்துபோகும். சிரிப்பு முற்றாக அடங்கும்வரை பொறுத்தால் அரங்கு ஆறிவிடும். இந்த இடைவெளி ஒவ்வோர் இரவும் மாறும், ஏனென்றால் ஒவ்வோர் இரவும் வருகின்ற சனம் வேறு. கூத்தில் ஆட்டக்காரரின் காலைப் பார்த்துக்கொண்டே மத்தளத்தைத் தட்டும் அண்ணாவியாருக்கு இது நான் சொல்லாமலே விளங்கும். மையானின் நாடகப் பதிவுகளில் பார்த்தால், சிரிப்பு ஓடிக்கொண்டிருக்கும் அந்த வெறும் கணங்களில் அவர் சும்மா நிற்பதில்லை. கையிலுள்ள கைப்பையை ஏதோ முதன்முறையாகக் காண்பவர் போலப் பார்ப்பார். சொல்ல வந்த சொல்லை வாய்க்குள்ளேயே ஒரு சுற்றுச் சுற்றி விழுங்குவார். அதற்கு இன்னொரு சிரிப்பு எழும். படப்பிடிப்புத் தளத்திலோ யாரும் சிரிக்கக் கூடாது. அங்கே இடைவெளியைத் தீர்மானிப்பவர் பல வாரங்கள் கழித்துத் தொகுப்பு மேசையில் உட்காரும் இன்னொருவர்.

இப்படி எழுதி முடித்த பிறகுதான், த ஃபூனேயும் மேடையிலிருந்து வந்தவர்தானே என்ற எண்ணம் வந்து எழுதியதைக் குழப்பியது. 1967 இல் படமான 'ஒஸ்கார்' அவர் அதற்கு முன் மேடையில் ஆடிய நாடகம். மேடைக் கலை திரைக்கு ஒத்துவராது என்றால் அது அவருக்கும் ஒத்துவந்திருக்கக் கூடாது. ஆகவே ஆண்டுகளை வைத்துப் பார்த்தேன். மையானை மேடையில் உயர்த்திய 'குரோக்-முசியூ'வும் த ஃபூனேயைத் திரையில் உயர்த்திய 'சென் துரோப்பே பொலிஸ்காரன்' படமும் ஒரே ஆண்டில், 1964 இல் வந்தவை. அப்போது மையானுக்கு வயது 41, த ஃபூனேக்கு 50. ஐம்பது வயதில் தலை வழுக்கையான, முகத்தை ஆயிரம் விதமாகச் சுழிக்கின்ற ஓர் ஆணைச் சுற்றிப் படம் எடுக்கத் திரையுலகம் ஆயத்தமாக இருந்தது. நாற்பத்தொரு வயதில், அழகியாகத் தோன்ற வேண்டும் என்ற எண்ணமே இல்லாமல் முகத்தைச் சுழிக்கின்ற பெண்ணைச் சுற்றிப் படம் எடுக்க அது ஆயத்தமாக இருக்கவில்லை; மனைவி, மாமி, அயல்வீட்டுக்காரி என்ற வேடங்களைத்தான் அவருக்கு ஒதுக்கியது. உங்கள் சந்தேகம் பாதிக்கு மேல் சரி.

அந்தச் சிறிய வேடங்களிலும் அவர் சும்மா இருந்துவிடவில்லை. 1963 இல் ஜான் ஜிரோ இயக்கிய 'பூயிக்-பூயிக்' படத்தில் த ஃபூனே பதற்றத்தில் துள்ளிக் குதிக்கும் செல்வந்தர்; மையான் அவருடைய மனைவி. தென் அமெரிக்காவில் எண்ணெய் வளம் என்று நம்பி ஏமாந்து உரிமப் பத்திரத்தை வாங்கி வருகிறவளும், சேவல் ஒன்றைச் செல்லப்பிள்ளையாக வீட்டுக்குள் வைத்திருக்கிறவளும் அவள்தான். புயல் முழுவதும் அவரிடம். அந்தப் புயலில் ஓர் இலைகூட அசையாத மரம் இவர். இருவரும் ஒரே சட்டகத்துக்குள் நிற்கும்போது யாரைப் பார்ப்பதென்று கண் தடுமாறுவதை ஒளிப்படக் கலைஞரான நீங்கள் பார்த்தால் உடனே பிடித்துவிடுவீர்கள்.

1983 இல், அறுபது வயதில், ஜான்-மரி புவாரே இயக்கிய 'தாத்தா எதிர்ப்பியக்கம் நடத்துகிறார்' என்ற படத்தில்தான் அவருக்கு வாட்டசாட்டமான வேடம் ஒன்று கிடைத்தது. ஜேர்மானியர் பிடித்திருந்த பாரிசில் ஒரு மாளிகை. அதை ஜேர்மானியப் படைத் தளபதி தனக்கென்று எடுத்துக்கொள்ள, வீட்டுக்குரிய குடும்பம் கீழே நிலவறையில் ஒதுங்குகிறது. அந்தக் குடும்பத்தின் தலைவியான, புகழ்பெற்ற பாடகியாக மையான் நிமிர்ந்து நிற்கிறார். பாரிஸ் 1944 இல் விடுபட்டது. படம் வந்தது ஏறக்குறைய நாற்பது ஆண்டுகள் கழித்து. படைமுகாமாகிப்போன வீட்டின் சொந்தக்காரர் வேலிக்கு வெளியே நின்று தன் மாமரத்தைப் பார்க்கும் காட்சியை வைத்து நாம் சிரிக்க முடியுமா என்று எனக்கு நானே கேட்டுப் பார்த்தேன். இப்போதைக்கு என்னால் முடியாது.

*

கேள்வி: உயர்தர மாணவருக்கு நாடகமும் அரங்கியலும் கற்பிக்கிறேன். பூல்வார் நடிகையான இவர் பத்ரிஸ் ஷெரோ போன்ற தீவிர நெறியாளருடன் பணியாற்றினார் என்று ஒரு வரி படித்தேன். அது எப்படி நடந்தது? அந்த நாடகத்தின் கதையில் நம் பிள்ளைகளுக்கு எடுத்துச் சொல்ல ஏதாவது இருக்கிறதா?
– ஆசிரியர், கிளிநொச்சி

பதில்: இருக்கிறது ஐயா, நீங்கள் எதிர்பார்ப்பதைவிட அதிகமாகவே இருக்கிறது.

பிரான்சில் நாடக உலகம் இரண்டு கரைகளாகப் பிரிந்து கிடந்தது. ஒரு கரையில் அரசு மானியம் பெறும் அரங்குகள், சிந்தனைக்குரிய நாடகங்கள், விமர்சகர்கள். மறுகரையில் பூல்வார், நுழைவுச்சீட்டுக்கு வரிசையில் நிற்கும் சனம். இந்தக் கரைக்காரர் அந்தக் கரைக்குப் போவது வழக்கமில்லை. பெர்னார்-மரி கொல்ட்டெஸ் அப்போதைய இளம் நாடகாசிரியர்களில் முதன்மையானவர்; ஷெரோதான் அவருடைய நாடகங்களை மேடையேற்றி வந்தார். அந்தக் கொல்ட்டெஸ் பூல்வார் மேடையில் மையானைப் பார்த்து மயங்கி, அவரை மனத்தில் வைத்தே ஒரு நாடகம் எழுதினார். 'பாலைக்குத் திரும்புதல்' என்று தமிழில் சொல்லலாம். 1988 இல் பாரிஸ் றோன்-புவான் அரங்கில் ஷெரோ அதை நெறிப்படுத்தினார். மையானுக்கு எதிரே தம்பியாக நடித்தவர் மிஷெல் பிக்கோலி.

கதை 1960களின் தொடக்கத்தில், பிரான்சின் கிழக்கே ஒரு சிறுநகரத்தில் நடக்கிறது. அல்ஜீரியாவில் விடுதலைப் போர். பதினைந்து ஆண்டுகளுக்கு முன் அவமானத்தோடு ஊரைவிட்டுப் போய் அல்ஜீரியாவில் வாழ்ந்த மத்தில்ட் என்ற பெண், மகனையும் மகளையும் கூட்டிக்கொண்டு, போரிலிருந்து தப்பித் தன் ஊருக்குத் திரும்பி வருகிறாள். பெற்றோரின் சொத்தில் தொழிற்சாலை தம்பிக்கும் வீடு அவளுக்கும் வந்திருந்தது. ஆனால் வீட்டில் இருப்பவன் தம்பிதான். எவ்வளவு நாள் தங்கப் போகிறாய் என்று அவன் விருந்தாளியைக் கேட்பதுபோலக் கேட்கிறான்; அவளோ வந்து நிற்பது தன் சொந்த வீட்டில்.

2009 க்குப் பிறகு மீளக் குடியேறிய எந்த ஊரிலும் இந்தக் காட்சியை நாம் பார்த்திருக்கிறோம். உறுதி ஒருவர் பெயரில், வளவுக்குள் இருப்பவர் இன்னொருவர். இடம்பெயர்ந்து போனவர் பெட்டியோடு படலையில் நிற்க, போகாமல் இருந்தவர் 'இத்தனை வருசமும் கூட்டிப் பெருக்கி, கிணறு இறைத்துக் காத்தது யார்' என்று கேட்பார். இருவரிடமும் நியாயம் இருக்கும். கூடப்பிறந்தவர்கள் பிரதேச செயலகத்தின் ஒரே வாங்கில் இரு முனைகளில் முகம் பாராமல் உட்கார்ந்திருப்பதை நீங்களும் கண்டிருப்பீர்கள்.

கொல்ட்டெஸ் இதை அழுகை நாடகமாக எழுதவில்லை. அக்காவும் தம்பியும் ஒருவரையொருவர் நீண்ட நீண்ட வசனங்களால் அடித்துக்கொள்கிறார்கள். அந்த அடி ஒவ்வொன்றும் பகிடியாகவும் இருக்கிறது. உலகப்போர் முடிந்த கையோடு, பகைவனோடு பழகினாள் என்று பழி சொல்லி மத்தில்டின் தலையை மழித்திருந்தார்கள். அந்தப் பழியில் பங்கு கொண்ட பொலிஸ் பெரியவரை அவள் இப்போது தன் வீட்டில் பிடித்துவைத்துத் தலைமுடியைச் சிரைத்துவிடுகிறாள். அரங்கு சிரிக்கிறது, சிரித்துக்கொண்டிருக்கும்போதே எதற்குச் சிரிக்கிறோம் என்பதும் உறைக்கிறது. இதே நாடகத்தில் ஊர்ப் பெரியவர்கள் கூடி அல்ஜீரியர் வந்துபோகும் தேநீர்க்கடைக்குக் குண்டு வைக்கத் திட்டமிடுகிறார்கள், அதில் தம்பிக்கும் பங்கு உண்டு. இந்தக் கறுப்பையும் அந்தச் சிரிப்பையும் ஒரே குரலில் தாங்கக்கூடிய நடிகை வேண்டுமென்றால், முப்பது ஆண்டுகளாகச் சிரிப்பின் எடையை இரவுதோறும் நிறுத்துப் பழகியவரிடம்தான் போக வேண்டும். கொல்ட்டெஸ் சரியான ஆளிடம் போனார். அடுத்த ஆண்டே, நாற்பத்தொரு வயதில், அவர் இறந்துவிட்டார்.

'கடைசியில் மையான் உண்மையான நடிகையாகிவிட்டார்' என்ற தோரணையில் சிலர் இந்த நாடகத்தைப் பற்றிப் பேசுவதுண்டு. எனக்கு அதில் உடன்பாடில்லை. மத்தில்டுக்கு வேண்டிய நிதானம், இடைவெளி, எதிராளியின் வசனத்தைக் கேட்கும் முகம் எல்லாம் 'குரோக்-முசியூ'விலேயே இருந்தவை. அந்தக் கரைக்காரர்கள் அப்போது பார்க்க வரவில்லை. பிள்ளைகளுக்கு நீங்கள் இதைக் கற்பிப்பதென்றால், அக்கா வந்து நிற்கும் முதற்காட்சியை மட்டும் நம் ஊர் வளவொன்றில் நடப்பதாக அவர்களையே எழுதச் சொல்லிப் பாருங்கள். ஒரே நிபந்தனை: யாரும் அழக் கூடாது.

*

கேள்வி: நான் தரம் 12 மாணவி. தமிழ்த் தினப் போட்டி நாடகத்தில் எனக்கு வாயாடிக் கிழவி வேடம் தந்திருக்கிறார்கள். வீட்டில் 'பெண் பிள்ளை கோமாளி வேடமா, கண்ணகி வேடம் கேள்' என்கிறார்கள். என்ன செய்வது?
– மாணவி, புதுக்குடியிருப்பு

பதில்: பிள்ளை, கண்ணகி வேடத்தைப் பற்றிச் சொல்வதென்றால், வற்றாப்பளை அம்மனின் காலடியில் வளர்ந்த நம் பக்கத்துக் கோவலன் கூத்தில் நெடுங்காலம் கண்ணகியாகவும் மாதவியாகவும் ஆடியவர்கள் ஆண்கள்தான். அப்போது எந்த வீட்டாரும் 'ஆண் பிள்ளைக்குச் சேலையா' என்று தடுத்ததாக நான் கேள்விப்படவில்லை. இதை அம்மாவிடம் மெல்லச் சொல்லிப் பார்.

வேடத்தைப் பற்றி ஒன்று. கிழவி என்றவுடன் முதுகை வளைத்து, குரலை நடுக்கி, தடியை ஊன்றிக்கொண்டு வராதே. அப்படி வந்தால் முதல் நிமிடம் சிரிப்பார்கள், இரண்டாம் நிமிடம் வேறெங்கோ பார்ப்பார்கள். மையான் தான் ஏற்ற எந்தப் பெண்ணையும் நையாண்டி செய்ததில்லை. அந்தப் பெண் தன்னை நூற்றுக்கு நூறு சரியானவள் என்று நம்புகிறாள் என்பதை மட்டும் நடித்தார். உன் கிழவியும் தான் சொல்வதே சரி என்று நம்பட்டும். ஒத்திகையில் யாரும் சிரிக்காவிட்டால் கலங்காதே. உடன் நடிப்பவர்கள் அந்தப் பகிடியை இருபது முறை கேட்டவர்கள். போட்டியன்று சிரிப்பு எழுந்தால், அது இறங்கத் தொடங்கும்வரை அடுத்த வசனத்தைப் பிடித்துவைத்துக்கொள்.

*

கேள்வி: இவருடைய கடைசி நாடகம் எது? பிரெஞ்சு தெரியாத என்னைப் போன்றவர்கள் எதை முதலில் பார்க்கலாம்?
– வாசகர், மாங்குளம்

பதில்: கடைசியாக நடித்தது பியேர் பல்மாட் எழுதிய 'பியேஸ் மோன்தே'. எழுதியவருக்கு அப்போது இருபத்துநான்கு வயதுகூட நிறைந்திருக்கவில்லை. நடித்தவர் எழுபதை நெருங்கியவர். 1992 மே 12 ஆம் திகதி மையான் பாரிசில் காலமானார்.

மொழி தெரியாதவர்கள் 'பூயிக்-பூயிக்' படத்திலிருந்து தொடங்குங்கள். அதில் முக்கியமான பாத்திரங்களில் ஒன்று சேவல். அதற்கு மொழிபெயர்ப்பு வேண்டியதில்லை. அதன் பிறகு தொலைக்காட்சிக்காகப் பதிவான 'லில்லியும் லில்லியும்' நாடகத்தைத் தேடிப் பாருங்கள். படம் சற்று மங்கலாக இருக்கும். ஆனால் அரங்கிலிருந்தவர்களின் சிரிப்பும் கூடவே பதிவாகியிருப்பதால், அவர் எங்கே காத்து நிற்கிறார் என்பது மொழி தெரியாமலே கேட்கும்.